தபாலகத்தில் பகுதிநேர வேலை: மாலையில் பாமசிக்குப் போகலாமா?

கேள்வி: ஹட்டனுக்கு அருகே ஓர் உப தபாலகத்தில் காலையில் பகுதிநேரமாகக் கடிதம் பிரித்து, லயங்களுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கிறேன். பின்னேரம் டவுனில் ஒரு பாமசியில் சம்பளத்துக்கு நிற்கிறேன். தபால்காரருக்கு வேறு வருமானம் இருக்கத்தான் வேண்டும் என்று யூடியூப்பில் ஒருவர் சொன்னார். எங்கள் தபாலதிபரோ, "தெரிந்தால் வேலை போய்விடும்" என்கிறார். எதை நம்புவது? – ஒரு வாசகி

பதில்: சகோதரி, அந்த வீடியோ இந்தியாவின் கிராமிய டாக் சேவகர்களை, அதாவது அங்குள்ள கிராமத் தபால் ஊழியர்களைப் பற்றியது. அவர்களுக்கு நாளுக்கு 5 மணித்தியாலத்துக்கு மேல் வேலை கிடையாது. வேறு பிழைப்பு இருப்பதாகக் காட்டவும் வேண்டும். அந்த விதி இங்கே செல்லாது.

நம் நாட்டில் நிரந்தர அரச ஊழியர், அரச சேவை விதிகளின் தொகுப்பான தாபன விதிக்கோவைக்கு உட்பட்டவர். முன் அனுமதி இல்லாமல் அவர் வெளியே சம்பளத்துக்கு வேலை செய்ய முடியாது. அந்தக் கட்டுப்பாடு உங்களுக்கும் உண்டா என்பதை உங்கள் நியமனக் கடிதமே சொல்லும். அதில் கையெழுத்திட்டது தபால் திணைக்களமா, அல்லது உப தபாலதிபர் தன் பொறுப்பில் உங்களை வைத்திருக்கிறாரா? தாபன விதிக்கோவை பொருந்தும் என்றோ, வேறு தொழில் கூடாது என்றோ ஒரு வரி இருக்கிறதா? இருந்தால் தபாலதிபர் சொல்வது வெறும் பயமுறுத்தல் அல்ல. அனுமதி வரும்வரை பாமசிக்குப் போகாதீர்கள்.

கடிதம் சிங்களத்தில் மட்டும் இருந்தால், யாரோ சொன்ன அர்த்தத்தை நம்பி இருந்துவிடாதீர்கள். மலையகத்தில் வாசிக்க முடியாத தாளில் கையெழுத்து வைத்துவிட்டுப் பிறகு தவிப்பவர்களைப் பார்க்கும்போது மனம் பொறுப்பதில்லை. அரச அலுவலகத்துக்குத் தமிழில் எழுதவும் தமிழிலேயே பதில் பெறவும் அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை உங்களுக்கு உரிமை தருகிறது.

ஆகவே தபாலதிபர் ஊடாகத் தபால் அத்தியட்சகருக்குத் தமிழில் எழுதுங்கள். பாமசியில் என்ன வேலை, எத்தனை மணிக்குத் தொடங்குகிறது, தபால் நேரத்தோடு முட்டாது என்பதைச் சொல்லி அனுமதி கேளுங்கள். ஒரு பிரதியைப் பதிவுத் தபாலில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். வாய்வார்த்தையில் கிடைக்கும் "சரி" விசாரணையில் நிற்காது. பதில் வராவிட்டால், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் உங்கள் சேவை நிபந்தனைகளைக் கேளுங்கள். தகவல் தருவதா இல்லையா என்ற தீர்மானத்தை 14 வேலை நாட்களுக்குள் அறிவித்தாக வேண்டும்.

எப்போதும் கடிதப் பையில் பாமசியின் பில்லோ மருந்துப் பொதியோ ஒன்றுகூட ஏறக்கூடாது. அனுமதி பெற்றவரைக்கூடச் சிக்கவைப்பது அதுதான்.

பாமசி முதலாளிக்கும் கடமை உண்டு. "பகுதிநேரம்தானே" என்ற சாக்கு எடுபடாது. உங்கள் சம்பளத்தில் 8 வீதமும் அவர் பங்காக 12 வீதமும் ஊழியர் சேமலாப நிதிக்கும் (ஈ.பி.எப்.), அவர் கையிலிருந்து இன்னும் 3 வீதம் ஊழியர் நம்பிக்கை நிதிக்கும் (ஈ.டி.எப்.) போகவேண்டும். கட்டவில்லை என்றால் தொழில் திணைக்கள அலுவலகத்தில் முறையிடலாம்.