பெல்லி டான்ஸ் ஆடும் ஆணைச் சமகால நிகழ்த்துகலைஞர் என்று எப்படிச் சொல்ல முடியும்?

லெபனான் தலைநகர் பெய்ரூட்டின் ஆட்டக்கலைஞர் அலெக்சாந்தர் பௌலிகேவிச்சை மனத்தில் வைத்துச் சொல்கிறேன். அவர் ஆடுவது எகிப்திய வேர்கொண்ட பலதி; வெளியுலகம் பெல்லி டான்ஸ் என்று அழைப்பது இதைத்தான். ஆண் ஆடுவதாலேயே அது புரட்சி என்பவர்களுக்கு வரலாறு தெரியாது. 1834இல் எகிப்தை ஆண்ட முகமது அலி பாஷா கெய்ரோவிலிருந்து ஆடல் மகளிரை வெளியேற்றியபோது, கவால் என்ற ஆண் ஆட்டக்காரர்கள்தான் அந்த இடத்தை நிரப்பினார்கள்.

புதுமை வேறு இடத்தில் இருக்கிறது. 2011இல் வந்த 'தஜ்வால்' படைப்பின் கரு, பெய்ரூட் தெருவில் நடக்கும்போது அவர்மீது விழும் வசைகள். வசை எதைக் குறிவைக்கிறதோ, அந்த இடுப்பையே அவர் மேடையில் முன்னால் வைக்கிறார்.

ஷிம்மி எனும் இடுப்பு அதிர்வைக் கவனியுங்கள். அதிர்வு பிறப்பது முழங்காலில்: லேசாக மடங்கிய இரண்டும் மாறி மாறி நீளும்போது இடுப்பு தானாகத் துடிக்கும். முழங்கால் விறைத்தால் துடிப்பு நின்றுவிடும். இடுப்பை வலிந்து ஆட்டினால் கீழ்முதுகு குழிந்து வலிக்கும். இவ்வளவுக்கும் தோள் அசையக் கூடாது. தோளை அகட்டி, இடுப்பை இறுக்கி நடப்பதே 'ஆண்மை' என்று பழகிய கண்ணுக்கு இது அப்படியே தலைகீழ். (ஜிகினா உடை இரண்டாம் பட்சம்தான்.)

லெபனான் தண்டனைச் சட்டத்தின் 534ஆம் பிரிவு, 'இயற்கைக்கு மாறான' உறவுக்கு, நடைமுறையில் தன்பாலுறவுக்கு, ஓராண்டு வரை சிறை என்கிறது. ஆட்டத்தை அது தடுக்கவில்லை. ஆனால் ஆடுபவரைச் சந்தேகத்துக்குரியவராக்க அதுவே போதும்.