அமெரிக்கத் தொடர்களில் எழுத்தாளரே தயாரிப்பாளராகவும் இருப்பது ஏன்?

அங்கே இயக்குநர்கள் எபிசோடுக்கு எபிசோடு மாறுவார்கள். கதையை முழுசாகத் தெரிந்தவர் எழுத்தாளர்தான். அதனால் நடிகர் தேர்வு முதல் எடிட்டிங் வரை அவர் கைக்கு வந்துவிடுகிறது.

வின்ஸ் கில்லிகனையே எடுத்துக்கொள்ளுங்கள். 'எக்ஸ்-ஃபைல்ஸ்' தொடருக்கு எழுத வந்தவர், அங்கேயே தயாரிப்பாளராகவும் வளர்ந்தார். 1998-இல் அவர் எழுதிய 'டிரைவ்' எபிசோடில் பிரையன் க்ரான்ஸ்டன் நடித்தார். பின்னாளில் தான் உருவாக்கிய 'பிரேக்கிங் பேட்' தொடரின் நாயகனாக கில்லிகன் அவரைச் சொன்னபோது, காமெடி நடிகராயிற்றே என்று ஏ.எம்.சி. சேனல் தயங்கியது. கில்லிகன் அந்தப் பழைய எபிசோடைப் போட்டுக் காட்டித்தான் சம்மதிக்க வைத்தார். வெறும் வசனம் எழுதுபவராக இருந்திருந்தால் அவர் பேச்சு எடுபட்டிருக்குமா என்பது சந்தேகம்தான். அப்புறம் 2019-இல், 'பிரேக்கிங் பேட்' கதையின் தொடர்ச்சியான 'எல் கமீனோ' படத்தை அவரே எழுதி, இயக்கி, தயாரிப்பிலும் பங்கேற்றார்.