சட்டம் உங்களுக்கு: வழக்கைத் திரும்பப் பெறாமல் சமரசத்தைப் பதிவு செய்யுங்கள்

கேள்வி: என் மகன் குடும்பத்துடன் ஊர் திரும்புவதால், மாடி வீட்டைக் காலி செய்யக் கோரி வாடகை நீதிமன்றத்தில் மனு செய்துள்ளேன். ஒன்பது ஆண்டுகளாகக் குடியிருப்பவர், பிள்ளைகளின் முழு ஆண்டுத் தேர்வு முடிந்ததும் மே மாத இறுதியில் காலி செய்வதாகச் சொல்கிறார். இருபது ரூபாய் பத்திரத்தில் எழுதித் தருகிறேன், வழக்கை வாபஸ் வாங்குங்கள் என்கிறார். நம்பலாமா?
— பெயர் வெளியிட விரும்பாத வாசகி, மதுரை

பதில்: அம்மா, அவர் கேட்கும் அவகாசம் நியாயமானதே, தயங்காமல் கொடுங்கள். வழக்கை மட்டும் வாபஸ் வாங்காதீர்கள். மே மாதம் அவர் மனம் மாறினால், அந்தப் பத்திரத்தைக் காட்டி, உத்தரவை நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியரான அமீனாவை அழைத்துவர முடியாது. நீங்கள் மறுபடியும் புது மனு போட்டு முதல் வாய்தாவிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். இருவரும் பேசி முடித்த அதே நிபந்தனைகளைச் சமரச மனுவாக நீதிமன்றத்தில் தாக்கல் செய்து, அதன்படி உத்தரவு பெற்றால், அந்த உத்தரவையே நிறைவேற்றும்படி கோரலாம்.

உரிமையியல் வழக்குகளில் சமரசம் எழுத்தில் இருக்க வேண்டும், தரப்பினர் கையொப்பமிட வேண்டும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் ஆணை, 3ஆம் விதி சொல்கிறது. வாடகை நீதிமன்றம் அந்தச் சட்டத்தின் ஒவ்வொரு விதிக்கும் கட்டுப்பட்டதல்ல என்றாலும், இந்த ஒழுங்கைக் கடைப்பிடிப்பதே உங்களுக்குப் பாதுகாப்பு. வழக்கறிஞர்கள் மட்டும் கையொப்பமிட்டால் போதும் என்று விட்டுவிடாமல், நீங்களும் அவரும் நேரில் கையொப்பமிடுங்கள்.

மனுவில் பலரும் தவறவிடும் வரி ஒன்று உண்டு. வாடகைச் சட்டம் குறிப்பிடும் காரணங்களில் ஒன்று இருந்தால்தான் நீதிமன்றம் வெளியேற்ற உத்தரவிட முடியும். இருவரும் சம்மதித்தார்கள் என்பது மட்டும் போதாது. சென்னையிலிருந்து சென்ற கே.கே.சாரி எதிர் ஆர்.எம்.சேஷாத்ரி வழக்கில், வாடகைதாரர் காரணத்தை ஒப்புக்கொண்டு, அதில் நீதிமன்றமும் திருப்தியடைந்து பிறப்பித்த சமரச உத்தரவு செல்லும் என்று 1973இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. அது பழைய 1960ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் எழுந்த வழக்கு. 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த இப்போதைய சட்டமும் காரணங்களை வரையறுத்தே வைத்திருப்பதால், உங்கள் குடும்பத்தின் சொந்தத் தேவையைத் தாம் ஏற்றுக்கொள்வதாக அவர் வெளிப்படையாகக் கூறும் வாசகம் மனுவில் இருக்கட்டும்.

காலி செய்யும் தேதியை நாள், மாதம், ஆண்டுடன் எழுதுங்கள். "தேர்வு முடிந்ததும்" என்று எழுதினால் பிறகு அதுவே தகராறாகும். அதுவரை அவர் மாதந்தோறும் தரும் தொகை பயன்பாட்டுக்கான இழப்பீடே தவிர புதிய வாடகை உறவை உருவாக்காது என்றும், இடையில் வேறு யாரையும் குடிவைக்க மாட்டார் என்றும், தொகை நிலுவையானால் மே மாதம்வரை காத்திராமல் உத்தரவை நிறைவேற்றலாம் என்றும் சேருங்கள். குறித்த தேதியில் காலி செய்வதாக நீதிமன்றத்துக்கே அவர் உறுதிமொழிப் பத்திரம் அளித்தால் இன்னும் நல்லது. அப்படிக் கொடுத்த வாக்கை மீறுவது நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கைக்கும் இடம் தரும்.

இது அவருக்கும் காப்பு என்பதை எடுத்துச் சொல்லுங்கள். உத்தரவில் குறித்த நாள்வரை, நிபந்தனைகளை மீறாத அவரை நீங்கள் வெளியேற்ற முடியாது. அட்வான்ஸ் தொகை எவ்வளவு, அதில் மின்கட்டண பாக்கி தவிர வேறெதையும் கழிப்பீர்களா, சாவி கை மாறும் அன்றே திருப்பித் தருவீர்களா என்பதும் அதே மனுவில் இடம்பெற வேண்டும். ஒன்பது ஆண்டுகள் குடியிருந்தவர், அட்வான்ஸ் கிடைக்காமல் போகுமோ என்ற அச்சத்தில்தான் பல நேரங்களில் வீட்டைப் பிடித்துக்கொண்டிருக்கிறார். அந்த அச்சம் தீர்ந்தால் பாதித் தகராறு தீர்ந்துவிடும்.

உங்கள் வழக்கை மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பும்படியும் கேட்கலாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தின் 21ஆம் பிரிவின்படி அங்கு பதிவாகும் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம். அதை எதிர்த்து மேல்முறையீடு கிடையாது.

அடுத்த வாய்தாவுக்கு முன்பே வரைவை இருவரின் வழக்கறிஞர்களும் படித்துவிடட்டும். உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகல் ஒன்றை வாங்கி வைத்துக்கொண்டு, சாவி பெறும் நாளில் மின்மீட்டர் அளவைக் குறித்து இருவரும் ரசீதில் கையொப்பமிடுங்கள்.