வாடகை வீட்டில் வரி கட்டாத மது பிடிபட்டால், அங்கிருந்தவர்தான் குற்றவாளியா?

கோலாலம்பூர் செந்தூலில் நான்கு பேர் சேர்ந்து எடுத்த வாடகை வீடு. சுங்கத்துறைச் சோதனையில் ஹாலில் இருந்த பெட்டிகளில் வரி கட்டாத பீர் சிக்கியது. அப்போது வீட்டில் இருந்தது உங்கள் தம்பி மட்டும். இதை வைத்தே அவரைக் குற்றவாளி என்று சொல்லிவிட முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

முடியாது. ஆனால் குற்றச்சாட்டைப் படித்துக் காட்டும் நாளில் தம்பி வாயிலிருந்து வரும் ஒரு 'ஆமாம்' எல்லாவற்றையும் கெடுத்துவிடலாம்.

நான் ஜாலான் டூத்தா கோர்ட்டில் பல வருடம் தமிழ் மொழிபெயர்ப்பாளராக வேலை செய்தவன். குற்றச்சாட்டு மலாயில் இருக்கும். அதில் 'டாலாம் மிலிக்கான்', அதாவது 'உடைமையில்' என்று ஒரு சொல் வரும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு கடைத் தொழிலாளியிடம் அதை "இந்த மது உங்களிடம் இருந்தது" என்று சொன்னேன். "ஆமாங்க, இருந்துச்சு" என்றார். குற்றத்தை ஒப்புக்கொண்டதாகப் பதிவானது. பிறகு வழக்கின் விவரங்களைப் படித்துக் காட்டியபோதுதான், "பெட்டி முதலாளியோடது, நான் திறந்துகூடப் பார்க்கலைங்க" என்றார். நல்லவேளை, மாஜிஸ்திரேட் உடனே அந்த ஒப்புதலைத் தள்ளுபடி செய்து விசாரணைக்கு நாள் குறித்தார். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. 'இருந்தது' வேறு, 'உடைமையாக வைத்திருந்தேன்' வேறு. நான் சொன்ன தமிழ் அந்த வித்தியாசத்தை மறைத்துவிட்டது.

உடைமை என்றால் என்ன என்பதற்கு நம் நீதிமன்றங்கள் இன்றும் 1956ஆம் ஆண்டின் சான் பியன் லியோன் வழக்கைத்தான் எடுத்துக்காட்டுகின்றன. அதன்படி, பொருள் அங்கே இருப்பது தெரிந்திருக்க வேண்டும். மற்றவர்களை விலக்கி, சொந்தக்காரர் போல அதைக் கையாளும் அதிகாரமும் இருக்க வேண்டும். தெரியுமா தெரியாதா என்பதை நேரடியாகக் காட்ட முடியாது, சுற்றுச் சூழ்நிலையை வைத்துத்தான் முடிவு செய்வார்கள். அதனால் சாவி யாரிடம், வாடகை ஒப்பந்தம் யார் பெயரில், பெட்டி மூடியிருந்ததா, அதிகாரிகளைக் கண்டதும் தம்பி என்ன செய்தார் என்பதெல்லாம் பெரிய விஷயம். நால்வரும் புழங்கும் ஹால் என்பது அவருக்குச் சாதகம். அவர் பூட்டி வைக்கும் அறையாக இருந்தால் கதை வேறு.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். 1967ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டத்தின் கீழ் வழக்கு வந்தால், உடைமை நிரூபணமான பிறகு சட்டம் எதிர்ப்பக்கம் சாய்கிறது. வரி கட்டப்பட்டதா என்ற தகராறில் நிரூபிக்கும் பொறுப்பு குற்றம் சாட்டப்பட்டவர் மேல் விழும் (119ஆவது பிரிவு). வரி கட்டாத சரக்கு என்பது அவருக்குத் தெரியும் என்றே 135ஆவது பிரிவு எடுத்துக்கொள்ளும். இல்லை என்று அவர்தான் காட்ட வேண்டும். ஆகவே போராட வேண்டிய இடம் உடைமை. "வரி கட்டலைன்னு எனக்குத் தெரியாது" என்பதை மட்டும் நம்பிப் போனால் கஷ்டம்.

சம்சு மாதிரி காய்ச்சிய சரக்கு என்றால் வேதியியல் துறை அறிக்கையும், மாதிரிக்கு முத்திரை வைத்ததிலிருந்து அது யார் யார் கை மாறியது என்பதும் முக்கியமாகிவிடும். உங்கள் வழக்கில் அது பெரிதாக வராது.

கள்ள மதுவுக்கு நான் பரிந்து பேசவில்லை. 2018 செப்டம்பரில் மெத்தனால் கலந்த மது சிலாங்கூரிலும் கோலாலம்பூரிலும் எத்தனை பேர் உயிரைக் குடித்தது என்று பார்த்தோம். அதற்காக, தெரியாமல் பக்கத்தில் இருந்த பையன் தண்டனை வாங்கக் கூடாது.

வக்கீல் இல்லாமல் தம்பியை எதையும் ஒப்புக்கொள்ள விடாதீர்கள். வசதி இல்லையென்றால் தேசியச் சட்ட உதவி அறவாரியத்தில் கேளுங்கள். வருமானம் குறைந்த மலேசியர்களுக்குக் குற்ற வழக்குகளில் உதவுகிறார்கள். கோர்ட்டில் ஒரு சொல் புரியாவிட்டாலும், "புரியலைங்க, மறுபடி சொல்லுங்க" என்று மொழிபெயர்ப்பாளரிடம் கேட்கச் சொல்லுங்கள். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். அப்புறம், வீட்டுச் சாவி யார் யாரிடம் இருந்தது, அந்த வாரம் யார் வந்து போனார்கள் என்பதை இன்றே எழுதி வையுங்கள். வாட்ஸ்அப் செய்திகள் எதையும் அழிக்க வேண்டாம்.