பாறையின் வயதைக் கண்டுபிடிப்பவர் ஆக என்ன படிக்க வேண்டும்? வேலை எப்படி இருக்கும்?

கிருஷ்ணகிரியில் இருந்துகொண்டு கேட்கிறீர்கள், இதற்குத் தோதான ஊர்தான். உங்களைச் சுற்றியுள்ள நைஸ் பாறைகளின் (வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய, வரிவரியான பாறைகள்) வயது சுமார் 250 கோடி ஆண்டு.

வேலை சுத்தியலில் தொடங்கும். சில கிலோ கல்லை உடைத்துப் பொடியாக்கி, சலித்து, கழுவி, கடைசியில் மைக்ராஸ்கோப்புக்கு அடியில் ஊசி முனையால் சிர்க்கான் என்ற கனிமத்தின் மணிகளைப் பொறுக்குவார்கள். பெரும்பாலும் தலைமுடித் தடிமன்தான் இருக்கும். அரிசியில் கல் பொறுக்கிப் பழகியவருக்குப் பொறுமை கைகொடுக்கும்! சிர்க்கான் உருவாகும்போது யுரேனியத்தைச் சேர்த்துக்கொள்ளும், ஈயத்தை அண்டவிடாது. எனவே இப்போது அதனுள் இருக்கும் ஈயம், யுரேனியம் சிதைந்து வந்ததுதான். யுரேனியம்-238 பாதியாகக் குறைய சுமார் 447 கோடி ஆண்டு ஆகும். இரண்டின் விகிதத்தை அளந்தால் வயது வந்துவிடும். சில மணிகளில் நடுவுக்கு ஒரு வயது, விளிம்புக்கு இன்னொன்று இருக்கும்: பாறை பிறந்தது ஒரு காலம், மறுபடி வெந்தது வேறொரு காலம். அதைப் பிரித்தறிவதில்தான் ஆளின் திறமை.

படிப்பு? ஜியாலஜியில் பி.எஸ்சி., எம்.எஸ்சி. பக்கத்தில் சேலம் பெரியார் பல்கலைக்கழகத்திலேயே துறை இருக்கிறது. தமிழில் ஜியாலஜி, ஜியாகிரபி இரண்டையுமே புவியியல் என்பார்கள்; விண்ணப்பிக்கும்போது கவனம். அரசு வேலைக்கு யூபிஎஸ்சி தேர்வு உண்டு. ஆனால் வயதுக் கணிப்பு மட்டுமே வேண்டும் என்றால், என்னைக் கேட்டால், பிஎச்.டி. இல்லாமல் சிரமம்.