குட்டியின் விலை வெறும் முன்பணம்தான்

கேள்வி: நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம். வீடு தினமும் பத்து மணி நேரம் பூட்டிக் கிடக்கும். ஒரு ஜாதிப் பூனை வளர்க்க ஆசை. அதற்கென்று ஒரு மாதச் சம்பளத்தை ஒதுக்கியிருக்கிறேன். பெர்சியன் குட்டி அரை மாதச் சம்பளத்துக்கு வருகிறது. பிரிட்டிஷ் ஷார்ட்ஹேர் என்றால் ஒன்றரை மாதம், மெயின் கூன் என்றால் இரண்டரை மாதம். மகளோ காது மடிந்த ஸ்காட்டிஷ் ஃபோல்ட்தான் வேண்டும் என்கிறாள். பெர்சியனையே வாங்கிவிடலாமா, குறைகிற பணத்துக்குத் தனிநபர் கடன் போடலாமா?

பதில்: கடன் வேண்டாம். விலை மலிவு என்பதற்காகப் பெர்சியனும் வேண்டாம். பத்து மாதம் பொறுத்து, பெற்றோருக்குப் பரிசோதனை செய்த இடத்தில் பிரிட்டிஷ் ஷார்ட்ஹேர் வாங்குங்கள்.

வீட்டுக்குள் வளரும் பூனைக்கு 15 வருடம் என்று கணக்கு வைக்கலாம். அது 180 மாதம். தீனி, கழிவுத் தொட்டிக்கான மணல், தடுப்பூசி, பூச்சி மருந்து என்று மாதச் சம்பளத்தில் பத்தில் ஒரு பங்கு போனால் மொத்தம் 18 மாதச் சம்பளம். பெர்சியனுக்கும் ஷார்ட்ஹேருக்கும் உள்ள விலை வித்தியாசம் ஒரே ஒரு மாதச் சம்பளம். 180 மாதத்துக்குப் பிரித்தால் மாதம் அரை சதவீதம் சொச்சம்தான் வருகிறது.

அந்த அரை சதவீதத்தைப் பெர்சியனின் முடியே தின்றுவிடும். அதற்குத் தினமும் 15 நிமிடம் சீப்பு போட வேண்டும், அதுவும் மேலாக அல்ல, தோல்வரை. முதுகு பளபளப்பாகவே இருக்கும். சிக்கு விழுவது முன்னங்கால் இடுக்கிலும் காதுக்குப் பின்னாலும் வாலடியிலும்தான். நான்கு நாள் விட்டால் அங்கே முடி திரண்டு கட்டியாகி, பூனை நடக்கும்போதெல்லாம் தோலை இழுக்கும். வீட்டில் கத்தரிக்கோல் வைத்தால் முடியோடு தோலும் சேர்ந்து வெட்டுப்படும். அப்புறம் மயக்க மருந்து கொடுத்துச் சிரைக்க வேண்டியதுதான். தட்டை முகத்தால் கண்ணில் நீர் வடிந்துகொண்டே இருக்கும். அதையும் தினம் துடைக்க வேண்டும். இரண்டு பேரும் அலுத்து வீடு திரும்பும் குடும்பத்தில் இந்த வேலை கூலிக்குத்தான் போகும்.

பெரிய செலவு இன்னும் உள்ளே இருக்கிறது. பெர்சியன் வம்சத்தில் பி.கே.டி என்ற பரம்பரை நோய் உண்டு. சிறுநீரகத்தில் நீர்க்கட்டிகள் மெல்ல வளரும். தாய் தந்தையில் ஒருவருக்கு இருந்தாலே குட்டிகளில் பாதிக்கு வர வாய்ப்பு. குட்டியைப் பார்த்தால் தெரியாது. பெரும்பாலும் நடுவயதில்தான் தெரியவரும். இதற்கான மரபணு மாற்றம் 2004இல் கண்டறியப்பட்டது. கன்னத்தின் உட்புறம் பஞ்சால் தேய்த்து எடுத்து அனுப்பினால் போதும், ஆயுளுக்கு ஒரே பரிசோதனை. இவ்வளவு சுலபமானதைக்கூடச் செய்யாமல் விற்பதும் அரை மாதச் சம்பளக் குட்டியின் மலிவுக்கு ஒரு காரணமாக இருக்கலாம். ரிப்போர்ட்டைக் கேட்டுப் பாருங்கள்.

ஸ்காட்டிஷ் ஃபோல்டை மகளிடம் மறுத்துவிடுங்கள். காதை மடக்கும் அதே மரபணுதான் உடம்பு முழுக்கக் குருத்தெலும்பைக் கெடுக்கிறது. காது மடிந்த எந்தப் பூனையும் இதற்குத் தப்பாது. ஒன்றுக்கு லேசாக, இன்னொன்றுக்கு நொண்டும் அளவுக்கு. ஆயுள் முழுக்க வலி மாத்திரை வாங்கும் செலவு இது.

மெயின் கூன் நல்ல பூனை, ஆனால் எல்லாமே பெரிய சைஸ். ஆண் 7, 8 கிலோ வரும். தீனி சராசரிப் பூனையைப் போல ஒன்றரை மடங்கு, மணல் தொட்டியும் கூண்டும் பெரியது. எடைக்கு ஏற்ப மருந்துச் செலவும் ஏறும். உங்கள் பட்ஜெட்டுக்கு இடிக்கும்.

ஷார்ட்ஹேருக்கு வாரம் ஓரிரு முறை சீப்பு போதும். பகலில் தனியாகத் தூங்கிக் கிடக்கவும் தெரியும். (சயாமீஸ், பெங்கால் பக்கம் போகாதீர்கள், ஆளில்லாத வீட்டில் ஒன்று கத்தித் தீர்க்கும், மற்றது திரைச்சீலையைக் கிழிக்கும்.) இதன் பலவீனம் வயிறு. கருத்தடைக்குப் பிறகு தீனித் தேவை கிட்டத்தட்ட கால் பங்கு குறைந்துவிடும். கிண்ணத்தை நிரப்பி வைத்துவிட்டு ஆபீஸ் போனால் இரண்டு வருடத்தில் குண்டாகி நீரிழிவில் முடியலாம். கிராம் தராசு வாங்குங்கள்; 4 கிலோப் பூனைக்கு உலர் தீனி தினம் சுமார் 60 கிராம்.

இந்த இனத்தில் பயப்பட வேண்டியது எச்.சி.எம், இதயத் தசை தடிக்கும் நோய். மெயின் கூனில் இந்த நோயைத் தரும் ஒரு மரபணு மாற்றத்தை 2005இல் கண்டுபிடித்தார்கள். ஷார்ட்ஹேருக்கு நம்பத்தக்க மரபணுப் பரிசோதனை இல்லை, எக்கோ என்ற இதய ஸ்கேன்தான் வழி. தாய் தந்தை இருவரின் எக்கோ ரிப்போர்ட்டையும் கேளுங்கள். தேதியைப் பாருங்கள்: ஒரு வயதில் எடுத்தது ஒன்றையே ஐந்து வயதிலும் காட்டினால் அது செல்லாக் காசு, ஏனென்றால் இந்த நோய் வயது ஏறஏற வரும். பெடிகிரி சான்றிதழ் வம்சத்தைச் சொல்லுமே தவிர, இதயத்தைப் பற்றிச் சொல்லாது.

இனி பணம். மாதம் பத்தில் ஒரு பங்கை இன்றே தனிக் கணக்கில் போட ஆரம்பியுங்கள், பூனை வந்துவிட்டது போல. பத்து மாதத்தில் கையில் இரண்டு மாதச் சம்பளம் சேரும்: ஒன்றரை குட்டிக்கு, மீதி அரை, கருத்தடை, தடுப்பூசிகள், கூண்டு, இரண்டு மணல் தொட்டிகளுக்கு. இடையில் இரண்டு மாதம் தவறினால் அதுவே உங்களுக்குப் பதில். பூனை வந்த பிறகு அவசர நிதி தனி. மயக்க மருந்து கொடுத்துப் பல் சுத்தம் செய்ய எவ்வளவு, ஆண் பூனைக்குச் சிறுநீர் அடைத்தால் அட்மிஷனுக்கு எவ்வளவு என்று மருத்துவரிடம் விலை கேட்டு, இரண்டின் கூட்டுத்தொகையை முதலில் சேருங்கள். அடைப்பு என்றால் அன்றே ஆஸ்பத்திரி. ஓரிரு நாளில் உயிர் போய்விடும்.

காப்பீடு எடுப்பதானால் குட்டியாக இருக்கும்போதே எடுங்கள். ஏற்கெனவே உள்ள நோய்க்குப் பணம் வராது. பரம்பரை நோயை விலக்கும் வரி பாலிசியில் இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். இருந்தால் அந்தப் பிரீமியத்தை உங்கள் நிதியிலேயே போடலாம்.

குட்டி வாங்கும் அதே ப்ரீடரிடம், அதாவது பூனைகளை வளர்த்துக் குட்டி விற்பவரிடம், இன்னொன்றும் கேளுங்கள்: குட்டி போடுவதை நிறுத்திய நான்கைந்து வயதுத் தாய்ப்பூனையைக் கொடுப்பார்களா? பெரும்பாலும் குட்டியைவிட மலிவாகக் கிடைக்கும். கருத்தடை செய்துதான் கொடுக்கிறார்களா, எத்தனை எக்கோ எடுத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். அப்படி ஒன்று கிடைத்தால் பத்து மாதம்கூடக் காத்திருக்க வேண்டாம்.