வெள்ளிக்கு ஒரு நிலவு இருந்து காணாமல் போனதா?

இல்லை, வெள்ளிக்கு நிலவே கிடையாது. ஆனால் பெரிய வானியலாளர்களே அதைப் 'பார்த்தார்கள்'. 1686-இல் வானியலாளர் காசினி தொலைநோக்கியில் வெள்ளிக்கு அருகே கண்ட துணைப் பொருளின் விட்டம் வெள்ளியில் கால்வாசி. வெள்ளிக்கு இருந்த அதே கலை (நிலவின் பிறைபோல ஒளிரும் பகுதியின் வடிவம்) அதற்கும். பிறகு நூறு வருடங்களில் சிலர் மட்டும் கண்டார்கள், பலர் தேடி ஏமாந்தார்கள்.

1884-இல் பெல்ஜிய வானியலாளர் ஊசோ, கண்ட தேதிகளில் ஓர் ஒழுங்கைப் பிடித்தார்: சுமார் 1080 நாளுக்கு ஒருமுறைதான் அது வெள்ளியருகே வருகிறது. அப்படியானால் அது நிலவல்ல, 283 நாளில் சூரியனைச் சுற்றும் தனிக் கோள் என்றார். முகத்திரை விலகாத எகிப்தியத் தெய்வத்தின் பெயரால் 'நீத்' என்றும் அழைத்தார். எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான்.

அப்புறம் 1887-இல் பழைய குறிப்புகளைச் சரிபார்த்தபோது, பெரும்பாலானவை வெள்ளிக்குப் பக்கத்தில் தெரிந்த சாதாரண விண்மீன்கள்.